வாரக்காவிடம் மாதக்கணக்கு செல்லாது

“தண்ணி குடிச்சியா? யாரு குடிக்கச் சொன்னா? போ, போய்க் காலி பண்ணிட்டு வா.”

காலை எட்டரைக்கு ஸ்கேன் அறை வாசலில் வாரக்கா இப்படித்தான் ஆரம்பிப்பார். ஸ்கேன் என்றாலே ஒரு குடம் தண்ணீரைக் குடித்துவிட்டு, காலைப் பின்னிக்கொண்டு வந்து நிற்பது கர்ப்பிணிகளின் வழக்கம். இங்கே எடுப்பதோ உள்வழி ஸ்கேன். கர்ப்பப்பை வாயின் நீளத்தை அளப்பதற்கு. சிறுநீர்ப்பை நிறைந்திருந்தால் அந்த வாய் தன்னை நீளமாகக் காட்டி ஏமாற்றிவிடும். “பொய் சொல்ற வாய் எனக்குப் பிடிக்காது” என்பார். எந்த வாயைச் சொல்கிறார் என்று புதிதாக வந்த கணவன்மார்களுக்கு விளங்காது. எதற்கும் இருக்கட்டும் என்று தங்கள் வாயை மூடிக்கொள்வார்கள்.

குறைமாதப் பிரசவத்தை முன்கூட்டியே மோப்பம் பிடித்துத் தடுப்பதற்கென்று அந்த மகப்பேறு மருத்துவமனையில் ஒரு சின்னப் பிரிவு. அதற்கு அவர்தான் நர்ஸ். யாராவது “ஏழு மாசம்க்கா” என்றால் காதைப் பொத்திக்கொள்வார். “மாசக்கணக்கை உன் மாமியார்கிட்ட சொல்லு. எனக்கு வாரம் வேணும், நாள் வேணும்.” பெயர் அப்படி ஒட்டிக்கொண்டது. காய்கறிக் கடையில் முன்னால் நிற்பவளின் இடுப்பைப் பார்த்ததுமே “இருபத்திரண்டா?” என்று கேட்டுவிடுவார். ஒருமுறை அந்தப் பெண் கர்ப்பமாகவே இல்லை. அன்றிலிருந்து கடையை மாற்றிக்கொண்டார், பழக்கத்தை அல்ல. அவருடைய சொந்த மகன் நாற்பத்திரண்டாவது வாரத்தில் பிறந்தவன். “இன்னிக்கும் அவன் பல் தேய்க்கப் பதினோரு மணியாகுது” என்பார்.

போன ஆண்டு அவரிடம் ஒரு தையல்காரி வந்தாள். இருபது வாரம். முதல் குழந்தை இருபத்தேழாவது வாரத்தில், வலி வருமுன்னே அவசரப்பட்டு வந்து, மூன்று நாள் இருந்துவிட்டுப் போய்விட்டது. இந்த முறை அளந்து பார்த்தால் பத்தொன்பது மில்லிமீட்டர். இருபத்தைந்துக்குக் கீழே போனாலே கவலைப்பட வேண்டும். தினமும் படுக்கும்முன் உள்ளே வைத்துக்கொள்ள டாக்டர் ஒரு ஹார்மோன் மாத்திரை எழுதினார். ‘வைத்துக்கொள்ள’ என்பதை வாரக்கா நான்கு முறை சொன்னார். முன்பு ஒருத்தி ஒரு மாதம் அதைப் பாலில் போட்டு விழுங்கிக்கொண்டிருந்தாள்.

மறுநாளிலிருந்து காலையில் பஸ் ஏறியதும் தையல்காரிக்கு ஃபோன் போகும். “வச்சியா? முழுசா உள்ள போச்சா? நல்லா ஆழமா?” பஸ்ஸே அடங்கிப்போகும். பாட்டின் சத்தத்தை ஓட்டுநரே குறைப்பார். வாரக்காவுக்கு அதெல்லாம் கண்ணில் படாது.

ஒருநாள் மறுமுனையில் தையல்காரி தயங்கினாள். “அக்கா, கட்டில்ல வழுக்கி வழுக்கித் தலைமாட்டுல போய் முட்டிக்கிறேன்.”

அன்று மாலையே வாரக்கா அவள் வீட்டில் நின்றார். கட்டிலின் கால்மாட்டுக்கு அடியில் காலுக்கு இரண்டாக நான்கு செங்கல். வைத்தவர் அவள் கணவர், லிஃப்ட் மெக்கானிக்.

“என்ன தம்பி இது?”

“குழந்தை கீழ எறங்கிடக் கூடாதில்லக்கா? சாய்வு போட்டிருக்கேன். அளந்துதான் போட்டேன்.”

“இது உங்க லிஃப்ட் இல்ல தம்பி. சும்மா படுக்க வச்சா புள்ள தங்கிடும்னா டாக்டர் எதுக்கு, நான் எதுக்கு? அவ எழுந்து நடக்கட்டும், தைக்கட்டும். எடுங்க செங்கல்ல.”

எடுத்தார். ஒவ்வொரு செங்கல்லையும் உருவியதும் மனைவியின் வயிற்றை ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

இருபத்தேழாவது வாரம் தொடங்கிய அன்று, வரச் சொல்லாமலே தையல்காரி வந்து பெஞ்சில் உட்கார்ந்தாள்.

“வலிக்குதா?”

“இல்லக்கா.”

“தண்ணி கசியுதா?”

“இல்ல. இந்த வாரம் மட்டும் வீட்ல இருக்கப் பயமா இருக்கு.”

அந்த மாத்திரை எல்லோருக்கும் கைகொடுப்பதில்லை என்பது வாரக்காவுக்குத் தெரியும்; தெரிந்துகொண்டு ‘ஒண்ணும் ஆகாது’ என்று சொல்ல வாய் வரவில்லை. ஸ்கேன் அறைத் திரைச்சீலையைக் கழற்றி, ஓரம் பிரிந்திருந்ததைக் காட்டி, ஊசியையும் நூலையும் அவள் மடியில் போட்டார். “சும்மாதானே இருக்க, தச்சுக் குடு.” மறுநாளும் வந்தாள், அதற்கு மறுநாளும் வந்தாள். மருத்துவமனையில் கிழிந்த தலையணை உறை ஒன்றுகூடப் பாக்கியில்லாமல் தீர்ந்தது. ஏழாம் நாள் தைக்க எதுவுமே கிடைக்காதபோது, வாரக்கா பாத்ரூமுக்குப் போய்த் தன் சீருடையிலிருந்து நல்ல பட்டன் ஒன்றைப் பிய்த்துக்கொண்டு வந்தார். “பாரேன், எப்படியோ அறுந்துடுச்சு.”

அந்த வாரம் கடந்தது. முப்பது வந்தது. முப்பத்தாறில் மாத்திரையை நிறுத்தினார்கள். இதோ, இப்போது என்று எல்லோரும் பையைக் கட்டிவைத்துக் காத்திருந்தார்கள். முப்பத்தெட்டு போனது. முப்பத்தொன்பது, நாற்பதும் போனது. இப்போது ஃபோன் அந்தப் பக்கத்திலிருந்து வந்தது.

“என்னக்கா இது, வரவே மாட்டேங்குது! குனிஞ்சு செருப்பு மாட்ட முடியல. மாத்திரை ஓவரா வேலை செஞ்சிடுச்சா?”

பின்னாலிருந்து லிஃப்ட் மெக்கானிக்கின் குரல்: “அக்கா, வேணும்னா அந்தச் செங்கல்லத் தலைமாட்டுப் பக்கம் வைக்கட்டுமா?”

நாற்பது வாரம் மூன்று நாள். பெண் குழந்தை.

வாரக்கா வார்டுக்குள் நுழைந்தபோது கட்டிலைச் சுற்றி உறவுக்காரர்கள் நின்று, மூக்கு அப்பாவுடையதா அத்தையுடையதா என்று மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்கள். முகத்தைப் பார்க்கச் சொல்லிக் குழந்தையை அவரிடம் நீட்டினாள் தையல்காரி. அவர் முகத்தைப் பார்க்கவில்லை. கால்பக்கத் துணியை விலக்கி, உள்ளங்காலைத் திருப்பினார். குறைமாதக் குழந்தைகளுக்கு அந்த இடம் கோடில்லாமல் வழவழவென்று இருக்கும். இந்தக் காலில் விரலடியிலிருந்து குதிகால்வரை கோடுகள் ஓடின. கட்டைவிரலால் ஒவ்வொரு கோட்டையும் அவர் மெல்லத் தடவிக்கொண்டே வந்தார். குழந்தை கூச்சத்தில் காலை உதறியது. அவர் விடவில்லை, அடுத்த காலைத் திருப்பினார்.