வாய்க்கரிசி வாங்கிய சிதம்பரம் பிள்ளை

போன வாரம் தம்பானூர் பஸ் ஸ்டாண்டில் ஒரு செத்த மனிதர் என்னைக் கைதட்டிக் கூப்பிட்டார்.

செத்தவர் என்றால்… என் படத்தில் செத்தவர். சர்க்காருக்குச் சுகாதாரப் படம் எடுத்துப் பிழைப்பவன் நான் என்பது இந்தப் பக்கத்தைத் தவறாமல் படிப்பவர்களுக்குத் தெரியும். சென்ற வருஷம் வாந்திபேதி பற்றி ஒரு படம் எடுத்தேன். காய்ச்சாத குளத்துத் தண்ணீரைக் குடித்துச் சாகிற குடும்பத் தலைவராக அதில் நடித்தவர்தான் இந்தச் சிதம்பரம் பிள்ளை. சாலை பஜாரில் ஒரு ஜவுளிக்கடையில் கணக்கு எழுதுகிறார். பூர்விகம் நாஞ்சில் நாடு.

என்ன நடிப்பு! சும்மா செத்துக் கிடந்தால் போதாதாம் அவருக்கு.

"சாரே, செய்யத முறையாச் செய்யணும். கோடி போடணும், வாய்க்கரிசி போடணும். இல்லேன்னா நம்ம ஊர்ல எவன் நம்புவான்?" என்றார்.

எனக்குக் கசக்குமா? புதுத்துணி போர்த்தினோம். நாலு பெண்கள் ஒப்பாரி வைத்து அவர் வாயில் அரிசி போட்டார்கள். காட்சி பிரமாதமாக அமைந்தது.

அந்தப் பிரமாதம்தான் இப்போது அவர் கழுத்தைப் பிடித்திருந்தது.

"மக கல்யாணம் நின்னு போச்சு சாரே. தக்கலைப் பக்கம் மாப்பிள்ளை. எல்லாம் பேசி முடிச்சாச்சு. அந்த ஊருக்கு உங்க படம் காட்டுத வேன் போச்சுல்லா? மாப்பிள்ளைக்க அம்மை படத்தப் பாத்துட்டா. வாய்க்கரிசி விழுந்தவன் கையால தாரை வார்க்கப்பிடாதுன்னு ஒரே பிடி."

"நீங்கள்தான் உயிரோடு இருக்கிறீர்களே, பிள்ளைவாள்?"

"அதச் சொல்லத்தான் நேர்ல போனேன். என்னைக் கண்டதும் கதவைச் சாத்திட்டா."

எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது. கடையில்கூட அவர் டம்ளரைத் தனியாக வைக்கிறார்களாம்.

"முழிப்பு வந்தா, மூச்சு ஓடுதான்னு நானே மூக்குல கை வச்சுப் பாக்கேன் சாரே. நீங்கதானே என்னைக் கிடத்தினது? நீங்களே எழுப்பி விடுங்க."

எப்படி எழுப்புவது? அவர் எழுந்து உட்கார்ந்ததை நான் எடுக்கவில்லை. 'கட்' சொன்னதும் கேமரா நின்றுவிட்டது. யோசித்தபோதுதான் புரொஜெக்டரில் இருக்கும் அந்தக் குமிழ் ஞாபகம் வந்தது. திருப்பினால் பிலிம் பின்னோக்கி ஓடும்.

சனிக்கிழமை வேனை அந்த ஊருக்கே கொண்டுபோனேன். இருட்டத் தொடங்கியதும் திரை கட்டினோம். மாப்பிள்ளையின் அம்மா முன்வரிசையில். பிள்ளை வேனுக்குள் ஒளிந்திருந்தார். முதலில் படத்தை நேராக ஓட்டினேன். பிள்ளை வழக்கம்போல் செத்தார். படம் முடிந்ததும் குமிழைத் திருப்பினேன்.

ஒப்பாரி தலைகீழாகக் கேட்டது — எந்தப் பாஷையிலும் சேராத ஒரு முனகல். அரிசி அவர் வாயிலிருந்து கிளம்பிப் பெண்களின் விரல்களுக்குள் போனது. கண்ணீர் கன்னத்தில் மேலேறிக் கண்ணுக்குள் புகுந்தது. கோடித்துணி விலகியது. பிள்ளை எழுந்தார். குடித்த தண்ணீரை டம்ளரில் திருப்பி விட்டார். பின்பக்கமாகவே நடந்து வாசலைத் தாண்டிப் போனார்.

குமிழைத் திருப்பிய நானே பயந்துதான் போனேன்.

மாப்பிள்ளையின் அம்மா மெல்ல எழுந்தார். "போட்ட அரிசி திரும்பிப் போயாச்சுல்லா? இனி என்ன தடை… தையில வச்சுக்கிடலாம்."

வேனுக்குள் பிள்ளை வாய்விட்டு அழுதார். நான் அவரைத் தேற்றுவதில் படத்தை நிறுத்த மறந்துபோனேன். அது ஆரம்பம்வரை ஓடியது. ஆரம்பத்தில் வருவது நடிப்பில்லை. ஆஸ்பத்திரியில் எடுத்த நிஜக் காட்சி. வரிசையாகக் கட்டில்கள், படுத்திருக்கும் நோயாளிகள். பிறகு வெறும் வெள்ளை வெளிச்சம்.

சாமான்களைக் கட்டும்போது வெறும் நெற்றியோடு ஒரு பெண் வந்து நின்றார்.

"ரெண்டாவது கட்டில்ல கிடந்தது எங்க வீட்டுக்காரரு. அங்கேயே போய்ச் சேந்துட்டாவ. ஏன் நிறுத்திட்டிய? இன்னுங் கொஞ்சம் ஓட்டியிருந்தா அவியளும் எந்திச்சிருப்பாவல்லா?"

"பிலிம் அவ்வளவுதான் அம்மா" என்றேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. பிலிம் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நேற்று பிள்ளை வந்து, மாப்பிள்ளை வீட்டில் வைத்து நடக்கும் கல்யாணத்துக்கு அழைத்துவிட்டுப் போனார். முதல் பந்தியில் எனக்கு இடமாம். போகத்தான் வேண்டும்…

ஆனால் அந்தப் பெண்ணும் அதே தெருவாம்.