பாக்கு உரிக்கும் காட்சிக்கு ஒரு மெட்டு

நானும் அவனும் அந்தமானில், போர்ட் பிளேரின் ஹேடோவில், துறைமுக ஊழியர் குடியிருப்பில், ஒரே மாடியில் வளர்ந்தவர்கள். அவன் படமெடுக்கக் கிளம்பினான். நான் பகலில் அரசு அலுவலகம், மாலையில் கீபோர்டு என்று இங்கேயே தங்கிவிட்டேன். தன் முதல் படத்தைச் சிப்பிகாட் பாக்குத் தோட்டத்தில் எடுத்து முடித்தவன், "மியூசிக் நீதான்டா, வேற யாரு?" என்றான். எனக்குத் தலைகால் புரியவில்லை. அப்பா அதை அக்கம்பக்கம் முழுக்கச் சொல்லிவிட்டு வந்தார்.

அந்த மழைக்காலம் முழுக்க அந்தப் படத்தோடுதான் குடித்தனம் நடத்தினேன். தகரக் கூரையில் மழை நின்றால்தான் ரெக்கார்டிங். கதாநாயகி தனியாக உட்கார்ந்து பாக்கு உரிக்கும் காட்சிக்கு, வார்த்தையில்லாத ஒரு மெட்டு போட்டேன். மெத்தையைச் சுவரில் சாய்த்து, ஃபேனை நிறுத்தி, வேர்த்து வழிய என் மனைவிதான் அதை முணுமுணுத்துக் கொடுத்தாள்.

கடலடியில் இன்டர்நெட் கேபிள் வந்த பிறகும் எங்கள் தெரு நெட்டின் லட்சணம் தெரிந்ததே. பெரிய ஃபைல் என்றால் சென்னைக்கு விமானம் ஏறும் யாரிடமாவது பென் டிரைவில் போட்டுக் கொடுப்பதுதான் இங்கே வழக்கம். ஒரு திருத்தம் என்றால் அடுத்த ஆள் கிளம்பும்வரை காத்திருக்க வேண்டும். அதனால் முடித்த இசையோடு, ஒவ்வொரு வாத்தியத்தையும் குரலையும் தனித்தனியாகவும் போட்டு அனுப்பினேன். வீட்டுச் சாவியையே கொடுத்த மாதிரி.

"கேட்டு ரோனா ஆ கயா யார், அழுகையே வந்துடுச்சு" என்று எங்கள் தீவு இந்தி கலந்து போனில் சொன்னான். அதன் பிறகு பேச்சே இல்லை. வேலையாக இருப்பான் என்று நினைத்துக்கொண்டேன்.

வெளியூர் விழாக்களைச் சுற்றிவிட்டுப் படம் போர்ட் பிளேருக்கு வந்தது. அப்பாவையும் மனைவியையும் அழைத்துப் போனேன். திரையில் 'இசை' என்று வந்தது. கீழே சென்னையில் பேர்போன வேறொருவர் பெயர். ஏதோ தவறு நடந்துவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன், அவ்வளவு நம்பிக்கை எனக்கு. பிறகு பாக்கு உரிக்கும் காட்சி. என் மெட்டேதான். மேலே யாரோ பூசிய வயலின்கள், அடியில் என் மனைவியின் குரல். அவள் என் கையை இறுக்கிப் பிடித்தாள். எல்லாம் முடிந்து ஓடிய நன்றி வரிசையில், படப்பிடிப்புக்குச் சாப்பாடு கொடுத்தவருக்கு அடுத்ததாக என் பெயர் போனது.

தியேட்டர் வாசலில் அவனைப் பிடித்தேன்.

"அரே, சம்ஜோ நா யார், புரிஞ்சுக்கோடா. மெயின்லாண்ட்ல பெரிய பேர் இருந்தாத்தான் படத்தையே பாக்குறான். டியூன் உன்னோடதுன்னு எனக்குத் தெரியாதா?"

"உனக்குத் தெரிஞ்சு என்னடா ஆகப்போவுது?"

அவன் சிரித்தான். யாரோ போட்டோவுக்குக் கூப்பிட, என் தோளைத் தட்டிவிட்டுப் போய்விட்டான்.

வீட்டுக்குத் திரும்பும் கராச்சர்மா பஸ்ஸில் அப்பா கேட்டார்: "எழுத்தெல்லாம் கலங்கலாத்தான் தெரிஞ்சுது. உன் பேரு எப்பப்பா வந்துச்சு?"

மனைவி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"ஆரம்பத்துலயே வந்துச்சுப்பா. பெரிசா."

அவர் உடனே பக்கத்து சீட்காரரிடம் அதைச் சொல்லத் தொடங்கிவிட்டார். அவன் என் பெயரை எடுத்துவிட்டதைக்கூட ஒருநாள் மறந்து தொலைப்பேனோ என்னவோ. அவன் மானத்தைக் காப்பாற்ற என் அப்பாவிடம் என்னைப் பொய் சொல்ல வைத்தானே, அதை மறக்க மாட்டேன்.