தண்டபாணியின் பீரங்கியும் என் மேடையும்

இதைப் படிக்கும் நண்பரே, உங்களைச் சாட்சியாக வைத்துக்கொண்டு தொடங்க விரும்புகிறேன். யாரைச் சாட்சிக்கு அழைப்பதானாலும் முதலில் அவரிடம் கேட்க வேண்டும் என்பதைத் தாமதமாகக் கற்றுக்கொண்டவன் நான். ஆகையால் கேட்கிறேன், சற்று நேரம் உடன் இருப்பீர்களா? இதில் வரும் தண்டபாணியிடமும் கேட்டாயிற்று. தொலைபேசியில் முழுவதையும் படித்துக் காட்டினேன். "எளுதிக்கடா மாப்ள, ஆனா என்னைய ரொம்ப நல்லவனாக் காட்டிராத" என்றான். அந்த நிபந்தனையை மட்டும் என்னால் காப்பாற்ற முடியாது.

சென்ற வாரம் ஒரு லேத் பட்டறைக்குப் போயிருந்தேன். பட்டறைக்காரர் கை எண்ணெயைத் துடைக்க மூட்டையிலிருந்து ஒரு பிடி வெள்ளைப் பனியன் வேஸ்ட்டை உருவினார். புதுப் பருத்தியும் பழைய எண்ணெயும் கலந்த அந்த வாசம் மூக்கில் ஏறியதும், வந்த வேலை எனக்கு மறந்துபோயிற்று. கல்லூரி முடித்த கையோடு நான் முதன்முதலில் சம்பளம் வாங்கியது ஒரு வேஸ்ட் குடோனில். பனியன் கம்பெனிகளில் கட்டிங் போக மிஞ்சிய துண்டுகளை வெள்ளை, கலர், எலாஸ்டிக் கலந்தது என்று பிரித்து மூட்டை கட்டுவார்கள், நான் மேற்பார்வை. மாவட்ட அளவில் பேச்சுப்போட்டிக் கோப்பைகள் வாங்கிய ஒருவன் துணிக்கழிவுக்கு நடுவே நிற்பதை நாடு எப்படிப் பொறுத்துக்கொள்கிறது என்ற வியப்பு எனக்குத் தினமும் இருந்தது. நாடு பொறுத்துக்கொண்டது.

அந்தக் குடோனுக்குத்தான் தண்டபாணி விடுமுறை தோறும் வருவான். ஒரே தெரு, ஒரே பள்ளி. அவன் படையில் சேர்ந்து பீரங்கிப் பிரிவுக்குப் போனான். வந்ததும் வெள்ளை வேஸ்ட் குவியலில் கையை விட்டு, துண்டுகளை விரலால் நிமிண்டிப் பார்ப்பான். "இதுல ஒரு மூட்டை எங்க கன்னுக்குக் கெடைச்சா எப்படி இருக்கும் தெரியுமா?" என்பான். கன் என்றால் அவனுக்குப் பீரங்கி. சுட்டு முடித்த பிறகு பீரங்கியின் குழலைத் துடைக்க வேண்டும். நீண்ட கழியின் முனையில் துணியைச் சுற்றி, ஆறேழு பேர் சேர்ந்து, ஒரே மூச்சில் தள்ளி, ஒரே மூச்சில் இழுப்பார்களாம். உள்ளே திருகு திருகாக ஓடும் வரிகளில் கரி தங்கிவிடக் கூடாது. அந்த வரிகள்தாம் குண்டைச் சுழல வைக்கின்றன. சுழல்வதால்தான் அது வழி தவறாமல் போகிறது.

நண்பரே, நான் எத்தனையோ வருணனைகளை மனப்பாடம் செய்தவன். அவன் பீரங்கியைச் சொன்ன விதத்துக்கு அவற்றில் எதுவும் ஈடில்லை. ஒரு குண்டின் எடை நாற்பது கிலோவுக்கு மேல். ஒருவன் தூக்கி வர, ஒருவன் அதன் மூக்கைத் திருகித் தயார்செய்ய, மற்றவர்கள் குழலுக்குள் தள்ள, ஒருவன் கோணம் பார்க்க, ஒருவன் கயிற்றை இழுக்க, எல்லாம் நொடிகளில். சுடுகிறவர்களுக்கு இலக்கு கண்ணுக்குத் தெரியாது. முப்பது கிலோமீட்டருக்கு அப்பால் மலைக்குப் பின்னால் இருக்கும். முன்னால் எங்கோ ஒளிந்து நிற்கும் ஒருவன் பார்த்துச் சொல்ல வேண்டும். காற்றின் வேகம், வெடிமருந்தின் சூடு, குழலின் தேய்மானம், இவ்வளவும் கணக்கில் வரும். அவ்வளவு தூரத்துக்குப் பூமி சுழல்வதையும் கணக்கில் சேர்ப்பார்கள் என்று அவன் சொன்ன நாளில், நான் கையிலிருந்த மூட்டைக் கயிற்றைக் கீழே போட்டுவிட்டேன். குண்டு ஒரு நிமிடத்துக்கும் மேல் வானில் இருக்குமாம். "விளுந்ததை நீ பாத்திருக்கியா?" என்று கேட்டேன். "ஒருக்காக்கூட இல்லடா. பாத்தவன் சொல்லுவான், கூட்டு, கொறை, எடது, வலதுன்னு. அவன் சொல்றதுதான் எங்களுக்குக் கண்ணு."

முன்னால் நின்று பார்த்துச் சொல்லும் ஆள் எனக்கும் இருந்தான், அது அவனேதான். பள்ளி நாள்களில் நான் பேசும் அரங்குகளில் கடைசி வரிசையில் உட்கார்ந்து சைகை காட்டுவான். கையை உயர்த்தினால் குரலை உயர்த்து, தாழ்த்தினால் தாழ்த்து. நிறுத்து என்பதற்கு நாங்கள் சைகை வைக்கவில்லை. நிறுத்த வேண்டிய நிலை எனக்கு வரும் என்று இருவருமே நினைக்கவில்லை.

அவனுக்குப் பெண் பார்த்தார்கள். சோமனூரில் தறி ஓட்டும் குடும்பம், பெண் சுகன்யா. இரு வீட்டுக்கும் பிடித்திருந்தது. சுதந்திர தினத்தன்று அவர்கள் இவன் வீட்டுக்கு மதியச் சாப்பாட்டுக்கு வருவதாக ஏற்பாடு. முந்தின நாள் மாலை பேக்கரியில் டீ குடிக்கும்போது நான் இடப்பக்கம் உட்கார்ந்து ஏதோ சொன்னேன், அவன் திரும்பவில்லை. மறுபடியும் சொன்னேன். பிறகுதான் சொன்னான். பயிற்சிக் களத்தில் ஒருநாள் காதில் செருகியிருந்த அடைப்பான் நழுவிய நேரத்தில் பீரங்கி முழங்கியிருக்கிறது. இடது காது ஏறக்குறையப் போய்விட்டது. படையில் தெரியும், மருத்துவர் பார்த்து எழுதியும் விட்டார். தெரியாதது பெண் வீட்டுக்கு மட்டும். "நாளைக்குச் சாப்புடறப்ப அந்தப் புள்ளைகிட்ட நானே சொல்லோணும். அதுவரைக்கும் நீ வாயத் தொறந்தராதடா." தொறக்க மாட்டேன் என்றேன். மனதாரத்தான் சொன்னேன்.

மறுநாள் காலை எங்கள் பகுதி மண்டபத்தில் பட்டிமன்றம். படைக்குப் பெருமை கருவியாலா, மனிதராலா? நான் கருவியின் பக்கம். முன்வரிசையில் தண்டபாணி; அவனுக்குப் பக்கத்தில், சீக்கிரமே வந்துவிட்ட சுகன்யாவும் அவள் அப்பாவும். அப்படி ஒரு பேச்சை அதற்கு முன்பும் பின்பும் நான் பேசியதில்லை. இந்த மண்டபத்து வாசலில் ஒரு பீரங்கியை நிறுத்தினால் அதன் குண்டு சோமனூர்ப் பேருந்து நிலையத்தில் விழும் என்றேன். பல குழல் ராக்கெட்டை நிறுத்தினால் இன்னும் தள்ளியிருக்கும் கணியூர்க்காரர்களும் படுத்துக்கொள்ள வேண்டும் என்றேன். கைதட்டல். பூமியின் சுழற்சியைச் சொன்னேன். மேலும் கைதட்டல். அந்தக் கைதட்டலில் ஏறி நின்றுகொண்டு, "அதன் முழக்கத்துக்குச் சான்று வேண்டுமா? இதோ முன்வரிசையில் அமர்ந்திருக்கிறான் என் நண்பன்" என்று கையை நீட்டினேன்.

தண்டபாணி கையை உயர்த்தினான்.

வேண்டாம் என்று உயர்த்திய கை அது. நான் குரலை உயர்த்தினேன். "அவனுடைய இடது காதைக் கேளுங்கள்! அந்தக் காதுக்கு இனி என் குரலும் எட்டாது, அவன் மணக்கப்போகும் மங்கையின் கொலுசொலியும் எட்டாது!"

மண்டபம் அதிர்ந்தது. நடுவர் எழுந்து நின்று தட்டினார். சுகன்யா தட்டவில்லை, மடியில் இருந்த கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்போதுதான் எனக்கு என் பேச்சு எங்கே விழுந்தது என்று தெரிந்தது.

சாப்பாட்டுக்கு நானும் போனேன். போகாமல் இருந்திருக்கலாம், ஓடிப்போனவன் என்ற பெயர் வேண்டாம் என்ற கர்வம்தான் இழுத்துப் போயிற்று. சுகன்யாவின் அப்பா ரசத்தை ஊற்றிக்கொண்டே கேட்டார்: "ஏனுங்க தம்பி, குண்டு போடறதுக்கு உங்களுக்கு எங்கூருதான் கெடைச்சுதுங்களா?" யாரும் சிரிக்கவில்லை. தண்டபாணி மட்டும் இலையைப் பார்த்தபடி சொன்னான்: "முன்னாலயே நான் சொல்லியிருக்கோணுமுங்க. என்ற தப்புதானுங்க." என் பெயரை அவன் எடுக்கவே இல்லை.

அவனுக்கு இடப்பக்கம் உட்கார்ந்திருந்த சுகன்யா எழுந்தாள். கிளம்புகிறாள் என்றே எல்லாரும் நினைத்தோம். அவள் அவனுக்குப் பின்னால் சுற்றி வந்து, வலப்பக்கம் காலியாக இருந்த நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அதன்பிறகே பேசினாள். "காது கேக்கலீங்கறது எனக்குப் பெரிசில்லீங்க. தறிச் சத்தத்துல எங்க ஊட்டுல அத்தனை பேருக்கும் காது மந்தம்தான், கத்தித்தான் பேசுவோம். எங்கிட்டச் சொல்ல வேண்டியதை மைக்குல கேட்டனே, அதுதான் சங்கடமாப் போச்சுங்க."

பழி முழுவதும் என்னுடையது என்று எழுந்து நின்று தொடங்கினேன். நாவிலிருந்து பழி, பண்பு, பிழை என்று மேடைப் பேச்சே வந்துகொண்டிருந்தது. அவள் அப்பா கையமர்த்தினார். "மைக் இல்லாமப் பேசுங்க தம்பி."

இப்போது அந்த வேஸ்ட் குடோன் இல்லை. அங்கே ரெடிமேட் ஷோரூம் வந்துவிட்டது. பட்டிமன்றம் நடந்த மண்டபத்தை ஒரு கம்பெனி வாங்கிச் சரக்கு அடுக்கியிருக்கிறது. தண்டபாணியும் சுகன்யாவும் மணம் முடித்து வடக்கே எங்கோ படைக் குடியிருப்பில் இருக்கிறார்கள். விடுமுறைக்கு ஊருக்கு வந்து தெருவில் நடக்கும்போது அவள் அவனுக்கு வலப்பக்கமாகவே நடப்பதைக் கவனித்திருக்கிறேன். நான் இன்னும் மேடை ஏறுகிறேன். பேசத் தொடங்குமுன் கடைசி வரிசையை ஒருமுறை பார்ப்பது பழக்கம். அந்தக் கை அங்கே இல்லை.

அன்று அந்தச் சாப்பாட்டு மேசையில் எனக்கு மைக் இல்லாமல் பேசத் தெரியவில்லை. கை கழுவிவிட்டு வந்து, தண்டபாணியின் நாற்காலிக்குப் பின்னால், வலப்பக்கமாகக் குனிந்தேன். எல்லார் காதிலும் விழும்படியாகத்தான் சொன்னேன்.

"தண்டபாணி, இனி உன்னையக் கேக்காம உன்ற பேச்சை எந்த மேடையிலயும் எடுக்க மாட்டன்டா. நீ கையத் தூக்குனா, அந்த எடத்துலயே நிறுத்திருவன்."