தம்பி டாக்கோ செய்த ஞாயிறு

அமெரிக்காவில் படித்துவிட்டு அங்கேயே வேலையில் இருந்த என் தம்பி, ஈஸ்டருக்குக் கொஞ்சம் முன்னால் பெங்களூர் மர்பி டவுன் வீட்டுக்குத் திரும்பி வந்தான். லீவில் வந்திருக்கிறான் என்று அம்மா தெருவில் எல்லோரிடமும் சொன்னாள். ஆனால் லீவில் வருகிறவன் குளிர்கோட்டையும் ரைஸ் குக்கரையும் தலையணையையும் தூக்கிக்கொண்டு வரமாட்டான். பெட்டிகளைத் திறந்த அன்றைக்கே எனக்குப் புரிந்துவிட்டது. அம்மாவுக்கும் புரிந்திருக்கும். இருவரும் கேட்கவில்லை.

எங்கள் வீடு நீளவாக்கில் கட்டியது. தெருக்கதவு, ஹால், படுக்கையறை, சமையலறை, பின்கதவு எல்லாம் ரயில் பெட்டிகளைப்போல ஒன்றன்பின் ஒன்று. தம்பி அதற்குள் நடந்துகொண்டே இருந்தான். ஃப்ரிட்ஜைத் திறப்பான், ஒன்றும் எடுக்காமல் மூடுவான். போனைக் கவிழ்த்து வைப்பான், உடனே நிமிர்த்திப் பார்ப்பான். தெருவில் பைக் நின்றால் ஜன்னலுக்கு ஓடுவான். நான் விடைத்தாள் திருத்த உட்கார்ந்தால் என் நாற்காலிக்குப் பின்னால் அவன் செருப்புச் சத்தம் போய்ப்போய் வரும்.

"ஒரு இடத்துல உக்காருடா" என்றேன் ஒருநாள்.

"உக்காந்தா மூச்சு முட்டுதுக்கா" என்றான்.

அவனைப் பார்த்துப் பார்த்து என்னாலும் உட்கார முடியவில்லை. எனக்கு வேறொரு காரணமும் இருந்தது. ஊருக்கு வெளியே ஆனேக்கல் பக்கம் ஒரு பள்ளியில் கணக்கு டீச்சராக வரச்சொல்லிக் கூப்பிட்டிருந்தார்கள். பிள்ளைகளின் ஹாஸ்டலையும் சேர்த்துப் பார்த்துக்கொள்ள வேண்டும், அங்கேயே தங்க வேண்டும். அப்பா இறந்துபோன பிறகு அம்மாவைத் தனியாக விடக்கூடாது என்று இந்த மாதிரி அழைப்புகளை நான் முன்பும் தட்டிக்கழித்திருந்தேன். இந்த முறை தம்பி வீட்டில் இருக்கிறான். அவன் இங்கேயே இருந்துவிடுவான் என்றால் நான் போகலாம். அவனுக்கு அங்கே எல்லாம் முடிந்துபோயிருக்க வேண்டும் என்று என் மனதின் ஒரு ஓரம் வேண்டிக்கொண்டது. அதை நினைத்தால் எனக்கே என்மேல் எரிச்சலாக வரும். அந்தப் பள்ளியின் பிரின்சிபால் அதற்குள் இரண்டு தடவை கூப்பிட்டுவிட்டார். ரெண்டு நாளில் சொல்கிறேன் என்றே சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மூவரும் மாதா கோயில் வாசலுக்கு வந்தோம். அம்மா ஆஸ்பத்திரியில் வார்டு ஆயாவாக இருந்த காலத்துத் தோழி ஒருத்தி வழிமறித்தாள்.

"பையன் எப்போ திரும்பிப் போறான்?"

"அடுத்த மாசம்" என்றாள் அம்மா. கொஞ்சங்கூடத் தயங்கவில்லை.

தம்பி அம்மாவைப் பார்த்தான். பிறகு அங்கே நிற்காமல் விறுவிறுவென்று நடந்தான். அவன் போன திசையில் எங்கள் வீடு இல்லை. அம்மாவை ஆட்டோவில் ஏற்றிவிட்டு நான் பின்னால் ஓடினேன். மார்க்கெட் தெருவில் பீஃப் கடைக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தான். ஞாயிறு கூட்டம் தோளோடு தோள் இடித்தது.

"கீமா வாங்கலாமாக்கா?" என்றான். வந்ததிலிருந்து இது வேண்டும் என்று அவன் வாயைத் திறந்து கேட்டது அதுதான் முதல் தடவை.

கடைக்காரருக்கு எங்களைச் சின்ன வயதிலிருந்தே தெரியும். எங்கள் ஊரில் இப்போது பீஃப் என்றால் எருமைக் கறிதான். கொழுப்பு கொஞ்சம் விட்டு அரைக்கச் சொன்னான் தம்பி. அரைத்ததைப் பார்த்துவிட்டு, "இன்னொரு வாட்டி மெஷின்ல விடுங்க பாய்" என்றான்.

"இவ்ளோ நைசா இன்னா பண்ணப்போறே, கோலா உருண்டையா?"

"டாக்கோ."

"அது இன்னாது?"

"சோளமாவு சப்பாத்திய எண்ணெய்ல போட்டு ரெண்டா மடிச்சு, உள்ள கீமா வச்சுத் தின்றது."

"சமோசான்னு சொல்லேன்!"

"வாய் மூடாத சமோசா பாய்" என்றான் தம்பி. கடைக்காரர் சிரித்தார். நானும் சிரித்தேன். அவன் மட்டும் அதற்குள் அடுத்த கடையைப் பார்க்கத் தொடங்கியிருந்தான். மக்காச்சோள மாவு ஒரு கடையில், சீஸ் ஒரு கடையில் என்று என்னை இழுத்துக்கொண்டு அலைந்தான். லெட்யூஸ் கீரை எங்கேயும் கிடைக்கவில்லை. முட்டைக்கோஸ் போதும் என்று நான் சொன்னதற்கு, ஏதோ பெரிய விஷயத்தை விட்டுக்கொடுப்பவன்போல முகத்தைச் சுளித்து, "சரி" என்றான்.

வீட்டில் அம்மா சோறு வடித்துவிட்டு ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருந்தாள். அவன் அவளை மெல்ல ஓரம் தள்ளி அடுப்பைப் பிடித்துக்கொண்டான். ஓட்ஸை மிக்ஸியில் பொடித்தான். மிளகாய்த்தூள், சீரகத்தூள், உப்பு, துருவிய பூண்டு எல்லாவற்றையும் பச்சைக் கீமாவில் கொட்டி, ஓட்ஸ் பொடியையும் ஐஸ் தண்ணீரையும் விட்டு இரண்டு கையாலும் பிசைய ஆரம்பித்தான்.

"ஏசுவே! கறியப் போய் மாவாட்டம் பிசையறான் பாரு" என்றாள் அம்மா. "முதல்ல வெங்காயத்தை வதக்குடா. இஞ்சி பூண்டு எங்க?"

"வெங்காயம் போட்டா அந்த டேஸ்ட் வராதும்மா."

"எந்த டேஸ்ட்டு?"

அவன் பிசைந்ததை அகலமான வாணலியில் தண்ணீரோடு போட்டு மத்தால் மசித்துக்கொண்டே கிண்டினான். பீட்சா வாங்கும்போது வருகிற ஓரிகானோ பொட்டலங்களை நான் ஃப்ரிட்ஜ் கதவில் சேர்த்துவைத்திருப்பேன். நாலைந்தைப் பல்லால் கிழித்துக் கொட்டினான். கறி உதிரியாக இல்லாமல், குழைந்து, கரண்டியிலிருந்து மெல்ல வழுக்கி விழுகிற பதத்துக்கு வந்தது. வாசனையும் நம் வீட்டுக் கீமா வாசனை இல்லை. சீரகத்தைக் கருக்கினாற்போல ஒரு புகை வாசனை.

சப்பாத்தி போன்ற அந்த ஓடுதான் படுத்தியது. சோளமாவு விண்டு விண்டு போனது. எண்ணெயில் போட்டு இடுக்கியால் மடித்ததும் முதல் ஓடு நடுவில் பிளந்தது. இரண்டாவதும் பிளந்தது. மூன்றாவது பிளந்தபோது இடுக்கியைத் தொட்டிக்குள் வீசினான். பாத்திரங்கள் அலறின. பின்கதவுக்குப் போனான், திரும்பி வந்தான், மறுபடி போனான். எனக்குப் பயமாக இருந்தது. ஒரு சோளமாவு ரொட்டிக்கு யாரும் இவ்வளவு பதற மாட்டார்கள்.

"கொஞ்சம் மைதா சேத்துப் பாக்கலாம்டா" என்றேன். மாவை நானே பிசைந்தேன். வெந்நீர் விட்டு, மைதா கலந்து, மெல்லிசாகத் தேய்த்துக் கொடுத்தேன். அவன் எண்ணெயில் பாதி வேகும்வரை காத்திருந்து மடித்தான். ஓடு பிளக்கவில்லை. பொன்னிறமாக, படகுபோல வாயைத் திறந்துகொண்டு வந்தது. இருவரும் வேலையைத் தொடர்ந்தோம். நான் தேய்க்க அவன் பொரித்தான். அந்த நேரம் மட்டும் என் மனதில் ஆனேக்கல் இல்லை.

பிறகு அவன் கிண்ணங்களை வரிசையாக வைத்தான். கறி, முட்டைக்கோஸ், தக்காளி, துருவிய சீஸ், எலுமிச்சை பிழிந்த கெட்டித் தயிர். இடது கையில் ஓட்டை எடுத்தான். வலது கை கரண்டியால் கறியை அள்ளிக் கிண்ணத்தின் விளிம்பில் ஒரு தட்டுத் தட்டி ஓட்டுக்குள் போட்டது. உடனே கோஸ், தக்காளி, சீஸ். ஒன்றை முடித்துத் தட்டில் சாய்க்கும்போதே மறு கை அடுத்த ஓட்டை எடுத்துவிட்டிருந்தது. அவன் கண் எங்கேயோ இருந்தது, கை மட்டும் வேலை செய்தது. கடைசி ஓட்டை வைத்துவிட்டு மேடையை ஈரத்துணியால் ஒரே இழுப்பில் துடைத்து, "நெக்ஸ்ட்!" என்று சத்தமாகச் சொன்னான்.

சொன்ன பிறகுதான் தான் நிற்பது எங்கள் சமையலறை என்பது அவனுக்கு உறைத்தது.

"எங்கடா கத்துக்கிட்ட?" என்றேன். பட்டென்று கேட்டுவிட்டேன்.

"கடையிலதான்."

"சாப்பிட்டுச் சாப்பிட்டா?"

"செஞ்சு."

சோற்றுப் பானையைத் தூக்கிய அம்மா அப்படியே நின்றாள். அவன் எங்களைப் பார்க்காமல் துணியைப் பிழிந்துகொண்டே சொன்னான். படித்த காலம் முழுவதும் காலேஜுக்கு உள்ளேயே இருந்த டாக்கோ கடையில் வேலை பார்த்தானாம். கம்பெனியில் பயிற்சி என்று எங்களிடம் சொன்னதெல்லாம் அதுதான். படிப்பு முடிந்ததும் வேலை கிடைத்துவிட்டது என்று போனில் சொன்னானே, அதுவும் இல்லை. தேடிக்கொண்டே இருந்தான், கிடைக்கவில்லை, விசா முடிந்தது. கண்ணாடிக் கட்டடத்துக்கு முன்னால் நின்று அனுப்பிய போட்டோவும், கூடப் படித்த ஒருவனின் ஆபீஸ் வாசலில் எடுத்தது.

அந்தப் போட்டோ அம்மாவின் போனைத் திறந்தால் முதலில் தெரியும்.

"இவ்ளோ பெரிய பொய்யாடா?" என்றாள் அம்மா. குரல் உயரவில்லை. "நான் வேலை செய்யாதவளா? வார்டு கழுவினவடா நான். கடையில வேலைன்னு சொல்லியிருந்தா நான் இன்னா சொல்லியிருப்பேன்?"

"நீங்க ஒண்ணும் சொல்லியிருக்க மாட்டீங்க. நான் கடையில நிக்கறதுக்கா போனேன்னு எனக்கே இருந்துச்சும்மா."

"இனிமே நான் கோயில்ல யார் மூஞ்சில முழிப்பேன்?"

முந்தைய கேள்விக்கும் இதற்கும் ஒட்டவில்லை என்பது அவளுக்கே தெரிந்திருக்கும். இரண்டும் அவளுக்கு உண்மைதான். பானையை வைத்துவிட்டுப் போய்ப் படுக்கையறைக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நாங்கள் இருவரும் நின்றுகொண்டே சாப்பிட்டோம். ஓடு கடித்ததும் நொறுங்கி, கறியின் சாறு மணிக்கட்டுவரை வழிந்தது. நன்றாகத்தான் இருந்தது. நான் நன்றாக இருக்கிறது என்று சொன்னேன். "அங்க இதைவிட உப்பு ஜாஸ்தி" என்றான். அவன் நின்று தின்றான், நடக்கவில்லை. அதைக் கவனித்தேன்.

அப்போதே ஆனேக்கல் பற்றிச் சொல்லிவிட நினைத்தேன். வாய்வரை வந்தது. அவன் உள்ளதையெல்லாம் கொட்டிவிட்டு நிற்கிற நேரத்தில், அப்படியானால் நான் போகிறேன் என்று எப்படிச் சொல்வது? அவனே கேட்டான்.

"உனக்கு யாரோ போன் பண்றாங்களே, பிரின்சிபால்னு வருதே, யாருக்கா?"

சொன்னேன். முழுவதும் சொன்னேன், அவன் திரும்பி வந்ததில் எனக்கு உள்ளூர ஒரு நிம்மதி இருந்தது என்பதையும் சேர்த்து. அவன் கோபப்படுவான் என்று எதிர்பார்த்தேன்.

"போயேன்" என்றான். "நான் எங்கயும் போகல. போறதுக்கு எனக்கு எடமும் இல்ல." கசப்பாகத்தான் சொன்னான். ஆனாலும் சொன்னான்.

சாயங்காலம் மழை பிடித்துக்கொண்டது. அம்மா கதவைத் திறந்து வந்து, ஆறிப்போய்த் தொய்ந்திருந்த ஒரு டாக்கோவை எடுத்து நாற்காலியில் உட்கார்ந்து தின்றாள். பாதி மடியில் விழுந்தது. பொறுக்கித் தின்றாள். "இஞ்சி போட்டிருக்கணும்" என்றாள். தம்பியிடம் அதற்கு மேல் பேசவில்லை. அந்த வாரம் முழுவதும் சோறு போட்டாள், சட்டையை மடித்துவைத்தாள், பேச்சு மட்டும் என் வழியாகவே போனது. "சாப்பிட வரச் சொல்லு அவன." "குடை எடுத்துக்கிட்டுப் போகச் சொல்லு." ஒரே அறையில் இருந்துகொண்டு இருவருக்கும் நடுவில் நான் ஓடிக்கொண்டிருந்தேன்.

அவன் மறுபடி நடக்க ஆரம்பித்தான். இந்த முறை வெளியே. டொம்லூர், இந்திராநகர் என்று நேர்முகத் தேர்வுகளுக்குப் போனான், பெரும்பாலும் நடந்தே போனான். இரண்டு இடத்தில் வேண்டாம் என்றார்கள். ஒரு இடத்தில் பதிலே இல்லை. கடைசியில் ஒரு சின்னக் கம்பெனி, அவன் படிப்புக்குக் கொஞ்சம் கீழான வேலைக்குத்தான், எடுத்துக்கொண்டது. வீட்டில் யாரும் அதைக் கொண்டாடவில்லை. அம்மா பாயசம் வைத்தாள், ஆனால் ஏன் வைத்தேன் என்று சொல்லவில்லை.

அதே தோழி கோயில் வாசலில் இன்னொரு ஞாயிறு அம்மாவைப் பிடித்தாள். தம்பி பக்கத்திலேயே நின்றான். எப்போது போகிறான் என்று அவள் கேட்டாள்.

"போகல" என்றாள் அம்மா. "அங்க வேலை கெடைக்கல. இங்க சேந்துட்டான்." தோழி ஏதோ ஆறுதல் சொல்லத் தொடங்க, "அதுக்கு இன்னா இப்ப" என்று குடையை விரித்துக்கொண்டு நடந்துவிட்டாள். தம்பி அவள் பின்னால் போய்க் குடையைத் தன் கையில் வாங்கிக்கொண்டான். அம்மா கொடுத்தாள்.

நான் அன்று மாலையே பிரின்சிபாலுக்குச் சம்மதம் சொன்னேன். ஜூன் மாதம் ஆனேக்கலுக்கு வந்துவிட்டேன். ஜன்னலுக்கு வெளியே ஓசூர் பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டு போகும். ஹாஸ்டல் பிள்ளைகள் விளக்கணைத்த பிறகும் குசுகுசுவென்று பேசிக்கொண்டிருப்பார்கள். இத்தனை வருடம் உள்ளூர ஆசைப்பட்டு வந்து சேர்ந்த இடம் இது. ஆனாலும் எனக்கு இங்கே இன்னும் உட்காரப் பழகவில்லை. வராந்தாவின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டிருக்கிறேன்.