பெண்கள் பக்கம்

நாங்கள் எங்கே போனாலும் அப்பா கூட வருவார். கடைக்கு, கோயிலுக்கு, பள்ளிக்கூட மீட்டிங்குக்கு. ஏன், பல் டாக்டரிடம் அம்மா வாயைத் திறந்தபோதுகூடப் பக்கத்தில் நின்றார். அம்மாவிடம் போன் கிடையாது. பொண்டாட்டிமேல் இவ்வளவு பாசமா என்று தெருவே மெச்சியது. நானும் அப்படித்தான் நினைத்தேன். அம்மாவுக்கு அடிக்கடி தடுக்கி விழும் வியாதி, அதனால்தான் கூடவே இருக்கிறார் என்று எனக்கு நானே ஒரு விளக்கமும் வைத்திருந்தேன்.

அவர் உள்ளே வரமுடியாத இடம் ஒன்றுதான் இருந்தது. குற்றாலத்தில், மெயினருவியின் பெண்கள் பக்கம்.

எனக்கு அப்போது ஏழு வயது. சீசன் நன்றாக இருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை தென்காசியிலிருந்து எங்களைக் குளிக்கக் கூட்டிப்போனார். பையை வாங்கிக்கொண்டு வெளியே நின்றவர், "அர மணி நேரந்தான், வந்துரணும்" என்றார். அம்மாவோ தலை நனைந்ததும் என்னை இழுத்துக்கொண்டு உடைமாற்றும் அறைக்குப் போய்விட்டாள். எனக்கு மூக்குக்கு மேல் கோபம்.

அங்கே மூலையில் ஓர் அக்கா காத்திருந்தார். எங்களைப் போலவே ஈரத் தலை, நைட்டி. அவர் வக்கீல், ஆலங்குளத்துப் பெரியம்மா ஏற்பாடு செய்தவர் என்பதெல்லாம் வளர்ந்த பிறகு தெரிந்துகொண்டது. பிளாஸ்டிக் கவருக்குள்ளிருந்து ஒரு தாளையும் பேனாவையும் எடுத்தார்.

"இதுல கையெழுத்து போட்டாத்தான் உங்களுக்காக நான் கோர்ட்ல நிக்க முடியும்க்கா. உங்க மேல கை வைக்கக் கூடாது, வீட்ட விட்டு வெரட்டக் கூடாதுன்னு ஆர்டர் கேப்போம்."

அம்மா பேனாவை வாங்கவில்லை. "பிள்ளைக்கு அப்பா வேணும்லா. எனக்குத்தான, தாங்கிக்கிடுதேன்."

அக்கா வற்புறுத்தவில்லை. படமாவது எடுத்து வைப்போம் என்றார். என்னைத் துண்டை விரித்து மறைப்பாகப் பிடிக்கச் சொல்லிவிட்டு, அம்மாவின் முதுகைப் போனில் எடுத்தார். மூன்று முறை எடுத்தார். முதுகில் நீளநீளமாகக் கன்றியிருந்தது. அது எனக்குப் புதிதில்லை. போட்டோதான் புதிது. துண்டைக் கீழே போட்டுவிட்டு நானும் முதுகைக் காட்டி நின்றேன்.

"எனக்கும் எடுங்க."

அக்கா போனைத் தாழ்த்தினார். என் ஈரக் கவுனைத் தூக்கி, முதுகை மேலிருந்து கீழே விரலால் தடவிப் பார்த்தார். பிறகு அம்மாவிடம் திரும்பினார்.

"இவ மேல கை வச்சிருக்காரா?"

"இன்னும் இல்ல" என்றாள் அம்மா.

சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். பிறகு கீழே கிடந்த துண்டில் கையைத் துடைத்து, பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள். அதற்குப் பிறகுதான் கோர்ட்டுக்கு மனு போனது, ஆர்டர் வந்தது. வீட்டில் நாங்கள் இருந்தோம், அப்பா வெளியே போனார்.

ஆனால் அன்றைக்கு அவர் வெளியே மிளகாய் பஜ்ஜியோடு நின்றிருந்தார். "ஏட்டி, மூஞ்சிய ஏன் உம்முனு வச்சிருக்க? உள்ள என்ன நடந்துச்சு?"

அம்மா பிடித்த பிடியில் என் கை வலித்தது. நான் வாயைத் திறக்கவில்லை. அந்த வயதிலேயே என்ன சாமர்த்தியம் என்று பெரியம்மா இன்றைக்கும் எல்லாரிடமும் சொல்கிறாள். சாமர்த்தியமும் இல்லை, மண்ணும் இல்லை. அம்மாவுக்கு மட்டும் மூன்று படம் எடுத்தவர், எனக்கு ஒன்றுகூட எடுக்கவில்லையே, அப்படி என் முதுகில் என்ன குறையைக் கண்டார் என்ற வருத்தத்தில்தான் பேசாமல் இருந்தேன்.