இசை: மேல்மாடிக்காரர்

ஜேர்மனியில், வுப்பர்டாலில் எங்கள் வீட்டுக்கு மேல்மாடியில் ஒரு ரஷ்யக் கிழவர் இருந்தார். சோவியத் காலத்தில் படங்களுக்கு இசையமைத்தவராம். நான் நம்பவில்லை. அவ்வளவு பெரிய ஆள் எங்களோடு முறை வைத்து மாடிப்படி கூட்டுவாரா?

நான் பெரியபிள்ளையானதும் அப்பா மண்டபம் எடுத்துச் சாமத்தியவீடு என்ற பூப்பு விழாவைச் செய்தார். அதை வீடியோ எடுத்து, சினிமாப் பாட்டுப் போட்டு, நாடு நாடாகச் சொந்தக்காரருக்கு அனுப்பாவிட்டால் எங்கள் ஆட்களுக்குச் சோறு இறங்காது. விழாவுக்கு வந்த கிழவர் கமராவைக் கண்டதும் கேட்ட முதல் கேள்வி, "இசை யார்?" தானே போட்டுத் தருவதாகவும் சொன்னார். அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை.

"படத்துக்கு மியூசிக் போட்ட மனிசன் எங்கட பிள்ளைக்குப் போடுறனெண்டு நிக்கிறார். லேசுப்பட்ட விசயமே?" என்று அம்மாவிடம் பெருமையடித்தார்.

கிழவர் எங்கள் தொலைக்காட்சிக்கு முன்னால் நிறுத்தற்கடிகாரமும் கையுமாக உட்கார்ந்தார். தட்டு வர எத்தனை விநாடி, ஆலாத்தி சுற்ற எத்தனை விநாடி என்று குறித்தார். மாமா தேங்காய் உடைக்கும் இடத்தை மட்டும் ஏழு தடவை போட்டுப் பார்த்தார். பிறகு ஒரு மாதம் மேலேயிருந்து கீபோர்ட் சத்தம். கடைசியில் ஒரு கசற் தந்தார். போட்டுக் கேட்டேன். ஐயோ, செத்தவீடு தோற்றுப்போகும்! தமிழ்ப் பள்ளிக்கூடத்துப் பெட்டைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்களே என்பதுதான் என் கவலை.

அதை விழாவைப் படம்பிடித்த வீடியோ அண்ணையிடம் கொடுத்துவர அப்பா என்னைத்தான் அனுப்பினார். வழியிலிருந்த குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு வெறுங்கையோடு போனேன்.

"அந்த மியூசிக் வேண்டாமெண்டு அப்பா சொன்னவர். சினிமாப் பாட்டே போடட்டாம்."

டிவிடி வந்த அன்று கிழவர் கோட்டும் கழுத்துப்பட்டியுமாக வந்தார். எழுத்தோட்டத்தில் 'இசை' என்று வந்தது, கீழே தமிழில் அவர் பெயர். அப்பா முன்னரே எழுதிக் கொடுத்ததை வீடியோ அண்ணை நீக்க மறந்திருந்தார். அப்பா படத்தை நிறுத்திக் காட்டினார். கிழவர் எழுந்துபோய் அந்த எழுத்துகளை விரலால் தொட்டார். பிறகு வந்து உட்கார்ந்து கடிகாரத்தைக் கையில் எடுத்தார். குத்துப்பாட்டு தொடங்கியது.

"எங்கையடி கசற்?"

"அது பழுதாம், அப்பா. சத்தம் வரேல்லையாம்."

அப்பா அதை ஜேர்மனில் சொன்னார். கிழவர் எங்களிடம் மன்னிப்புக் கேட்டார். தன்னுடைய மெஷின் பழையதாம். இப்போது நினைத்தாலும் எனக்கு முகம் சுடுகிறது. போகும்போது பெயர் வரும் இடத்தை இன்னொருமுறை போடச் சொன்னார். மனிசனுக்குப் பெயர் போதும் போல என்று நான் நிம்மதியானேன்.

அவர் இறந்த பிறகு மகள் வந்து சொன்னார். சோவியத் நாட்டைவிட்டுப் போக விண்ணப்பித்ததும் அவருடைய படங்களிலிருந்து பெயரை வெட்டிவிட்டார்களாம். இசையை வைத்துக்கொண்டார்களாம். நான் பெயரை விட்டுவைத்து இசையை எறிந்தவள். இரண்டும் மறுபடி ஒன்றாக வரப்போகின்றன என்று அன்று கடிகாரத்தோடு அவர் காத்திருந்தது சில விநாடிகள்தான். அது எதற்கான காத்திருப்பு என்று அப்போது எனக்குத் தெரியாது.