கேப்பைக் கதிருக்கு நின்ற பஸ்

மெதுவாக ஓட்டுகிறார் என்று டிரைவர் ஏழுமலையைப் பஸ் கம்பெனி முதலாளி வேலையைவிட்டு நீக்கியது அநியாயம். அதே காரணத்தைச் சொல்லி அவர் மகனுக்கு வேலை மறுத்தது அதைவிடப் பெரிய அநியாயம்.

அவர் இறந்த செய்தி திண்டிவனம் பஸ் நிலையத்தில் எனக்குக் கிடைத்தது. டீ குடித்துக்கொண்டிருந்த டிரைவர்கள் கிளாஸை வைத்துவிட்டு எழுந்து நின்றார்கள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளில் விழுப்புரம் பஸ்ஸில் அவருக்குக் கண்டக்டராக இருந்தவன் நான். பள்ளிக்கூடம் போகாமல், ஊர்ப்பலகைகளைப் பார்த்து எழுத்துக் கூட்டியவன். எனக்குத் தெரிந்ததைத்தான் எழுதுகிறேன்.

அறுவடை முடிந்ததும் நம் பக்கத்தில் கேப்பைக் கதிரைத் தார்ச்சாலையில் பரப்புவார்கள். சக்கரம் ஏறினால் மணி உதிரும். மற்ற பஸ்கள் வந்த வேகத்திலேயே ஏறிப் போகும்; கதிரைப் புரட்டும் பெண்கள் அலறிக்கொண்டு ஓடுவார்கள். ஏழுமலை நிறுத்துவார். எல்லோரும் ஒதுங்கிய பிறகே கதிர்மேல் உருட்டுவார். அதற்குள் போட்டி பஸ் எங்களைத் தாண்டிவிடும்.

"யோவ் டிரைவரு, கேப்பை அடிக்கவா டிக்கெட்டு வாங்கினோம்? ஜல்தி போய்யா!" என்று பயணிகள் கத்துவார்கள்.

"அவசரம்னா எறங்கி நாலு கதிரு பொரட்டிக் குடுங்க, சீக்கிரம் போலாம்" என்பார்.

டிரைவர் வீட்டுப் பிள்ளைகள் சாப்பாட்டுத் தட்டை ஸ்டியரிங்காகப் பிடித்துத் தெருவில் பஸ் ஓட்டுவார்கள். மற்றப் பிள்ளைகளின் பஸ் கோழிகளைத் துரத்தும். ஏழுமலையின் மகன் சேகருடைய பஸ் மட்டும் கோழிக்கு நிற்கும். யாரும் சொல்லித்தரவில்லை. அப்பா ஓட்டுவதை முன்சீட்டிலிருந்து பார்த்தவன், அவ்வளவுதான்.

சேகர் வளர்ந்து, போன மாதம் அதே கம்பெனியில் டிரைவர் வேலை கேட்டான். முதலாளியே பக்கத்தில் உட்கார்ந்து ஓட்டிக்காட்டச் சொன்னார். வழியில் கதிர் கிடந்தது. சேகர் நிறுத்தினான்.

"இன்னாடா, உங்கப்பன் மாதிரியே நின்னுக்கினு நின்னுக்கினு போவியா?"

"ஆமாங்க. ஆளு ஒதுங்கட்டும்."

வேலை இல்லை என்று அனுப்பிவிட்டார். படுத்த படுக்கையாக இருந்த ஏழுமலையிடம் சேகர் இதைச் சொன்னபோது நானும் இருந்தேன். மனிதர் சிரித்தார். "ஒரே ஆளை ரெண்டு வாட்டி வேலையவுட்டு எடுத்துட்டாங்கடா!" அந்தச் சிரிப்பும், அவரோடு ஓடிய நாளில் ஒருமுறைகூடச் சாலையில் ரத்தம் பார்க்காத பெருமையும் என்னிடம் இருக்கின்றன.

முதலாளி சேகரைக் கூப்பிட்டு வேலை கொடுக்க வேண்டும். கொடுக்கும்வரை டிரைவர்கள் கூடிக் கேட்க வேண்டும். கண்டக்டர்கள் போட்டி பஸ்ஸைக் காட்டி டிரைவரை விரட்டக் கூடாது. கதிர் பரப்புகிற ஊர்க்காரர்கள், ஏழுமலை தங்களுக்காக நின்றதை முதலாளியிடம் வந்து சொல்ல வேண்டும். நான் திங்கட்கிழமை காலை முதலாளி வீட்டு வாசலில் நிற்பேன். மற்றவர்களும் வர வேண்டும்.